கத்ரியும் காதிரியும்

என் லாத்தாவின் மகன் எஸ்தோனியா நாட்டுத் தார்த்து நகரில் வாழ்கிறான். அந்நாட்டுப் பெண்ணையே மணந்தவன். சென்ற ஆண்டு அவர்களுக்கு மகவு பிறக்கவிருந்த வேளையில், அந்நாட்டுப் பெண்பெயர்கள் சிலவற்றை எழுதியனுப்பி, "மாமா, இவற்றின் மெய்ப்பொருளைத் தேர்ந்து சொல்லுங்கள்" என வேண்டினான்.

பட்டியலை முதலில் கண்ணுற்றவர் லாத்தா. ஆங்கில எழுத்தில் இருந்த 'கத்ரி' என்பதைக் 'காதிரி' என்று படித்துக் கண்கலங்கிவிட்டார். முஹ்யித்தீன் அப்துல் காதிர் ஜீலானி (ரஹ்) அவர்களின் திருப்பெயர் பால்டிக் கடலோரம் வரை சென்றிருக்கிறதே என்னும் பேருவகை! "வேறு பெயரே வேண்டாம், தம்பி" என்றார்.

நானும் அவ்வுவகையில் பங்குகொண்டிருக்கலாம். ஆனால் என்னிடம் கேட்கப்பட்டது மெய்ப்பொருள் அன்றோ?

13ஆம் நூற்றாண்டில் ஜெர்மானியரும் டேனியரும் வாளேந்தி வந்து எஸ்தோனியாவை வென்றபோது, கிறிஸ்தவப் பெயர்களும் உடன்வந்தன. உள்நாட்டார் நாவில் அவை தேய்ந்து புத்துருப் பெற்றன. நாம் யஹ்யா (அலை) என அழைக்கும் நபியின் பெயர் அங்கே 'யான்' ஆயிற்று. தாவூது 'தாவி' ஆயிற்று. கத்தரீனா 'கத்ரி' ஆயிற்று. நவம்பர் 25 இன்றும் அங்கே கத்ரி நாள். வெள்ளாடை புனைந்தோர் வீடுவீடாய்ப் பாடிச் செல்வது பழவழக்கம். ரஷ்யப் பேரரசர் பீட்டர் தம் மனைவி கத்தரீனாவுக்காக 1718இல் எழுப்பத் தொடங்கிய தால்லின் நகர மாளிகை நிற்குமிடத்துக்குக் 'கத்ரியோர்க்', அதாவது கத்ரியின் பள்ளத்தாக்கு, என்று பெயர். காதிரிக்கும் இதற்கும் ஒலியொப்புமை அன்றி யாதோர் உறவும் இல்லை. பெயர் நூல்கள் கூறும் 'தூய்மை' என்ற பொருளும், பிற்காலத்தார் ஒரு கிரேக்கச் சொல்லோடு அப்பெயரைப் பொருத்திக் கண்டதே.

ஒலியின் மயக்கம் அம்மக்களையும் விட்டதில்லை. 'மரி' என்றால் எஸ்தோனிய மொழியில் சிறுகனி. பெயராகிய 'மரி'யோ மரியாவின் குறுக்கம். 'லிண்டா' என்பது ஜெர்மானியப் பெயர்களின் ஈறாக ஐரோப்பாவெங்கும் வழங்குவது. எனினும் எஸ்தோனியரிடம் அது பறவை எனப் பொருள்படும் 'லிந்த்' என்ற சொல்லோடு இழைந்துவிட்டது. கிரொய்ட்ஸ்வால்டு தொகுத்து 1857 முதல் 1861 வரை வெளிவந்த 'காலெவிபோயெக்' காப்பியத்தில், லிண்டா காட்டுக்கோழியின் முட்டையிலிருந்து பிறந்தவள். கணவன் காலெவ் மாண்டபின் அவன் கல்லறைக்கு அவள் சுமந்து குவித்த கற்களே தால்லினின் தோம்பெயா குன்று என்பர். இதனைப் பிழையெனத் தள்ள எனக்கு மனம் ஒப்பவில்லை. ஒரு மக்கட்கூட்டம் தன் காப்பியத்தில் வைத்துப் போற்றும் பொருளும் பொருள்தானே!

பட்டியலின் இறுதியில் 'மார்யா' இருந்தது. அதில் மயக்கம் ஏதுமில்லை. திருக்குர்ஆனின் 19ஆவது அத்தியாயம் தாங்கி நிற்கும் மர்யம் (அலை) அவர்களின் பெயரே அது. அதனையே பரிந்துரைத்து எழுதினேன்.

லாத்தாவிடம் உண்மையைச் சொல்வதுதான் அரிதாயிற்று. சொன்னேன். நெடுநேரம் பேசாதிருந்தவர், "அப்படியானால் அந்தப் பெயரை ஏன் எழுதினானாம்?" என்றார். மருமகனிடம் வினவினேன். "அது அவளுடைய உம்மாவின் பெயர், மாமா" என்றான்.

லாத்தா உடனே சொல்லிவிட்டார்: "சம்பந்தியம்மாவின் பெயரா? பிள்ளைக்கு அதுவும் இருக்கட்டும்."

குழந்தை இன்று மார்யா கத்ரி. தொலைபேசியில் லாத்தா மட்டும் "காதிரி, என் கண்ணே" என்றே அழைக்கிறார். நான் திருத்துவதில்லை.