பெண்டிரைவில் விடிய விடியக் கூத்து

சங்ககிரி லாரிக்காரரான என் மாமாவுக்குச் சினிமாப் பாட்டு போதாது; கூத்து வேண்டும். மேச்சேரிப் பக்கத்துக் கூத்து செட்டுகள் விடிய விடிய ஆடியதை யூடியூபில் ஏற்றிவைக்கிறார்கள். தொப்பூர் கணவாயில் சிக்னல் போனால் கட்டியங்காரனும் பாதிப் பேச்சில் நின்றுவிடுவான். “வண்டி ஓட்டறப்ப படத்த யாரு பாக்கறது? சத்தத்த மட்டும் பெண்டிரைவ்ல போட்டுக் குடு சாமி” என்றார்.

அந்த செட்டுகளின் வாத்தியார்களிடம் சம்மதம் வாங்கிக்கொண்டு, பைத்தானில் சில வரிகள் எழுதினேன். ஒரு கோப்பிலிருந்து வீடியோ முகவரிகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுப்பதுதான் அவற்றின் வேலை. சுமை தூக்குவது ‘ஒய்டி-டிஎல்பி’ என்ற இலவச நிரல். இதை யார், எதற்காக எழுதத் தொடங்கினார்கள் என்று தேடிப் போனேன்.

அதன் தாய் ‘யூடியூப்-டிஎல்’. ஸ்பெயின்காரரான ரிக்கார்டோ கார்சியா 2006இல் எழுதியது. யூடியூபுக்கே அப்போது ஒரு வயதுதான். அவர் வீட்டில் இருந்ததோ டயல்-அப் இணைப்பு. 56 கிலோபிட் மோடம் முழு வேகத்தில் ஓடினாலும், 10 எம்பி வீடியோ வந்துசேர இருபது நிமிடத்துக்கு மேல் ஆகும். திக்கித் திக்கிப் பார்ப்பதைவிட முழுதாக இறக்கிவைத்துப் பார்க்கலாம் என்று எழுதியதுதான் அந்தச் சின்ன நிரல். திருட்டுக்காகப் பிறந்த கருவி என்று சொல்பவர்கள் இந்தக் கதையைக் கேட்க வேண்டும். தொப்பூர் கணவாயின் தொல்லைதான் அவருக்கும்.

2020 அக்டோபர் 23 அன்று அமெரிக்க இசைத்தட்டு நிறுவனங்களின் சங்கம் புகார் கொடுக்க, நிரல்களைச் சேமித்துப் பகிரும் கிட்ஹப் தளம் யூடியூப்-டிஎல்லை நீக்கியது. சோதனைக்காக நிரலுக்குள் எழுதியிருந்த முகவரிகளில் பிரபலப் பாடகர்களின் பாட்டுகளும் இருந்ததைப் புகார் சுட்டியது. மின்னணு உரிமைகளுக்கான இஎஃப்எஃப் அமைப்பின் வழக்கறிஞர்கள் வாதாடியபின், நவம்பர் 16 அன்று நிரல் திரும்பி வந்தது. பிறகு அதன் ஒரு கிளையிலிருந்து பிரிந்து வளர்ந்ததே ஒய்டி-டிஎல்பி. யூடியூப் தன் பக்கத்தின் உள்ளமைப்பை மாற்றும்போதெல்லாம் தன்னார்வலர்கள் இதைத் திருத்துகிறார்கள்.

தேடலில் எனக்குப் பிடித்தது வேறொன்று. கரும்பிலிருந்து சாறு பிழிவதுபோல் படத்திலிருந்து ஒலியைப் பிழிகிறார்கள் என்றே பலரும் நினைக்கிறார்கள். யூடியூபின் கிடங்கிலோ படமும் ஒலியும் ஏற்கெனவே தனித்தனி ஓடைகளாகத்தான் இருக்கின்றன. நிரல் ஒலி ஓடையை மட்டும் கேட்டு வாங்குகிறது, அவ்வளவுதான். 128 கிலோபிட் தரத்தில் எட்டு மணி நேரக் கூத்து 460 எம்பி அளவில் அடங்கிவிடும். மாமாவின் பழைய ஸ்டீரியோ எம்பி3 தவிர எதையும் படிக்காது. அதற்கு மாற்றித் தருவது, ஃபிரெஞ்சுக்காரர் ஃபாப்ரிஸ் பெல்லார் 2000இல் தொடங்கிய எஃப்எஃப்எம்பெக்.

ஆத்தூர் தாண்டி டீ குடிக்க நிறுத்திய மாமா போனில் கூப்பிட்டார்: “வண்டிய ஆஃப் பண்ணிப் போட்டா முதல்லேர்ந்து ஓடுதுடா!” அரை மணிக்கு ஒரு துண்டாக வெட்டும்படி இன்னொரு வரி சேர்த்தேன்.