சதுரங்கம் சோறு போடுமா?

நம் தங்கவயலில் ஒரு தொழிலைப் பற்றிப் பேச்செழுந்தால் முதலில் பிறக்கும் கேள்வி, அது சோறு போடுமா என்பதே. இதில் நாணுவதற்கு ஒன்றும் இல்லை. வடாற்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் தருமபுரியிலிருந்தும் நம் முன்னோர் இங்கு வந்து பாறையைக் குடைந்தது பொன்மீது கொண்ட காதலால் அன்று, பசித்த வயிற்றுக்காகவே. 2001 பிப்ரவரி 28-ஆம் நாள் சுரங்கம் மூடப்பட்டபின், விடியுமுன் மாரிக்குப்பத்தில் இரயிலேறிப் பெங்களூர் சென்று இரவில் திரும்பும் நம் மக்கள் தேடுவதும் அதையே.

அண்மையில் நம் சங்கத்து வாசகசாலைக்கு வந்த அம்மையார் ஒருவர் இக்கேள்வியைச் சதுரங்கத்தைக் குறித்துக் கேட்டார். அவர் மகன் பள்ளிப் போட்டியில் கோப்பை வென்றவன். பெங்களூருக்கு அழைத்துச் சென்று பயிற்சி கொடுங்கள் என்கிறாராம் ஆசிரியர். “குகேஷ் மாதிரி வருவான்னு எல்லாரும் சொல்றாங்க ஐயா. அப்படி வராமப் போனா என்ன பண்றது?” என்றார் அவர். அவருக்குக் கூறிய விடையையே, ஏனைய குடும்பங்களுக்கும் பயன்படும் என்று கருதி, இங்கு விரித்து எழுதுகிறோம்.

கிராண்ட்மாஸ்டர் என்பது பட்டமேயன்றிப் பதவி அன்று. உலகச் சதுரங்கச் சம்மேளனம் 1950-இல் இதனை முதன்முதலாக 27 பேருக்கு வழங்கியது. இன்று இதைப் பெற விரும்புவோர் 2500 தரப்புள்ளியை எட்டுவதோடு, வலிமைமிக்க போட்டிகளில் மும்முறை குறித்த தகுதியையும் காட்டவேண்டும். பெற்றபின் அது ஆயுள் முழுதும் நிலைக்கும். ஆயின் அதனோடு மாதச் சம்பளமும் வாராது, ஓய்வூதியமும் வாராது. முதல் உலக வீரராகப் புகழ்பெற்ற ஸ்டெய்னிட்ஸ் 1900-இல் நியூயார்க்கில் வறுமையிலேயே மாண்டார். பின்வந்தோர் சிலர் எச்சரிக்கையாக இருந்தனர். 1935-இல் உலகப் பட்டம் வென்ற யூவே கணித ஆசிரியர். போட்வின்னிக் மின் பொறியாளர்.

அந்த யூவேயையே 1960-இல் லைப்ஸிக் ஒலிம்பியாடில் வென்ற தமிழர் ஒருவர் உண்டு. அவர்தாம் மானுவேல் ஆரோன். 1935-இல் பர்மாவில் பிறந்து, தமிழகத்தில் வளர்ந்தவர்; நம்மைப் போலவே கடல் கடந்தும் எல்லை கடந்தும் வாழ்ந்த குடும்பங்களின் பிள்ளை. ஒன்பது முறை தேசிய வீரர். 1961-இல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆனார். 1962-இல் ஸ்டாக்ஹோமில் பட்டியலில் பின்தங்கினாரெனினும், போர்ட்டிஷ், ஊல்மன் ஆகிய இரு பெரும் வீரரை வீழ்த்தினார். இவ்வளவும் செய்தவர் கிராண்ட்மாஸ்டர் ஆகவில்லை. திறமைக் குறைவு என்று இதனைச் சொல்லிவிடலாகாது. சோவியத் நாட்டில் அரசே வீரருக்கு ஊதியமும் பயிற்சியும் அளித்த காலத்தில், நம் நாட்டு வீரர் நூலும் துணையும் இன்றித் தனியே போராடினர்.

ஆரோன் சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் அமைத்த டால் சதுரங்கக் கழகத்தில்தான் விசுவநாதன் ஆனந்த் சிறுவனாக ஆடினார். ஆட்டத்தை அவருக்கு முதலில் கற்பித்தவர் அன்னை சுசீலா. தந்தை இரயில்வே அதிகாரி. நிலையான ஊதியமும், பக்கத்தில் அமரும் தாயும், சென்று ஆட ஒரு கழகமும் ஒருங்கே அமைந்தன. 1988-இல் ஆனந்த் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார். பின்னர் ஐந்து முறை உலகப் பட்டம் வென்றார். அவரும் இலயோலா கல்லூரியில் வணிகவியல் பட்டம் பெறத் தவறவில்லை என்பதை நம் பெற்றோர் நினைவிற் கொள்ளவேண்டும்.

அவருக்குப் பின் வந்தோர் வாழ்வையும் நோக்குவோம். பிரக்ஞானந்தாவின் தந்தை வங்கி ஊழியர். அன்னை நாகலட்சுமி மகனோடு வெளிநாடுகளுக்குச் செல்கையில் அடுப்பும் பாத்திரமும் உடன் கொண்டுசென்று இரசஞ்சோறு ஆக்கிப் போட்டார். 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் பதினெட்டாம் வயதில் உலகப் பட்டம் வென்ற குகேஷின் தந்தை மருத்துவர். மகனோடு ஊர் ஊராகச் செல்வதற்காகத் தம் தொழிலை விட்டார். இல்லம் அன்னையின் ஊதியத்தில் நடந்தது. நண்பர்களும் பொருள் உதவினர். மதுரை அரவிந்த் சிதம்பரமோ மூன்று வயதில் தந்தையை இழந்து, காப்பீட்டு முகவரான தாயின் வருவாயில் வளர்ந்து, 2018, 2019 ஆகிய இரண்டாண்டும் தேசிய வீரரானவர்.

ஆகவே சதுரங்கம் சோறு போடுமா என்பதற்கு நாம் கூறும் விடை இது: முதற் பத்தாண்டுகளில் சதுரங்கத்திற்கு நாம்தான் சோறு போடவேண்டும். நுழைவுக் கட்டணம், இரயில் கட்டணம், விடுதி, பயிற்றுநர் ஊதியம், உடன் செல்பவர் இழக்கும் கூலி ஆகிய அனைத்தும் பட்டம் வருமுன்னரே செலவாகிவிடும்.

பின்னர் அது நமக்குப் போடுமா? பெரும் பரிசுகள் உச்சியில் உள்ள சிலருக்கே. மற்றையோரை இந்நாட்டில் தாங்கி நிற்பவை இரயில்வேயும் எண்ணெய் நிறுவனங்களும் விளையாட்டு வீரருக்கு அளிக்கும் வேலைகளே. 2017-இல் கர்நாடகத்தின் முதல் கிராண்ட்மாஸ்டரான மைசூர் தேஜ்குமார், முப்பது வயதைக் கடந்தபின் அப்பட்டம் பெற்றவர், இரயில்வே ஊழியர். ஆர். பி. ரமேஷ் கிராண்ட்மாஸ்டராக இருந்தும், இந்தியன் ஆயில் நிறுவன வேலையை 2008-இல் துறந்து பயிற்றுநரானார். பிரக்ஞானந்தாவும் அவர் தமக்கை வைஷாலியும் அரவிந்தும் அவரிடம் பயின்றவர்கள். கற்பிப்பதும் இத்துறையில் மதிப்புள்ள பிழைப்பே என்பதற்கு அவர் சான்று.

நாட்டில் கிராண்ட்மாஸ்டர்கள் எண்பதைக் கடந்துவிட்டனர். தரப்புள்ளி பெற்று ஆடுவோரோ பல்லாயிரவர். ஒரு டன் பாறையில் சில கிராம் பொன்னே உண்டு என்பது நமக்கு எவரும் சொல்லித் தெரியவேண்டியதில்லை. பொன்னை எடுத்தபின் மிஞ்சியதைக் கம்பெனியார் சயனைடு மேடாகக் குவித்துவிட்டுச் சென்றனர். மிஞ்சிய பிள்ளைகளை நாம் அவ்வாறு குவித்துவிட முடியாது. பட்டம் பெறாத பிள்ளையும் நம் பிள்ளையே. அவனுக்கும் படிப்பும் தொழிலும் வேண்டும்.

எனவே பள்ளிப்படிப்பை நிறுத்தற்க. கடன் வாங்கிப் போட்டிக்கு அனுப்பற்க. மகளையும் மகனோடு ஒப்ப ஆடவிடுக. 2001-இல் இந்தியாவின் முதல் பெண் கிராண்ட்மாஸ்டர் ஆன விஜயலட்சுமியும் சென்னையைச் சேர்ந்தவரே. இரண்டாண்டுக்கு ஒருமுறை பிள்ளையின் முன்னேற்றத்தையும் வீட்டு வரவு செலவையும் ஒருங்கே வைத்து ஆராய்க.

தனிக் குடும்பத்தால் தாங்கவியலாத சுமையைச் சங்கம் ஓரளவேனும் தாங்கலாம். வாசகசாலையில் ஞாயிறுதோறும் நான்கு பலகைகள் விரிப்பதற்குப் பெருஞ்செலவு ஆகாது. பெங்களூர்ப் போட்டிக்குப் பிள்ளைகளைத் தனித்தனியே அனுப்புவதினும், ஒரு பெரியவர் துணையோடு ஐவரை ஒன்றாக அனுப்பினால் நான்கு பெற்றோரின் கூலி மிஞ்சும். இப்பணிக்கு ஞாயிற்றுக்கிழமையில் இரண்டு மணி நேரம் ஒதுக்கக்கூடிய அன்பர்கள், அடுத்த கூட்டத்தில் தம் பெயரைப் பதிவு செய்துகொள்ளுமாறு வேண்டுகிறோம்.