சுயம்பு மலையில் ஓர் அன்னை

காட்மாண்டு நகரின் மேற்கே, மரங்கள் அடர்ந்த குன்றொன்றின் உச்சியில் சுயம்புநாத ஸ்தூபி விளங்குகிறது. கீழ்த்திசையிலிருந்து ஏறுவோர் 365 படிகளைக் கடக்க வேண்டும். பழனி மலை ஏறிய கால்களுக்கு இது பெரிதன்று என்றெண்ணியே நாம் புறப்பட்டோம். ஆனால், மேலே செல்லச் செல்லப் படிகள் செங்குத்தாகி நம் கர்வத்தை அடக்கின. போதாக்குறைக்கு, இருமருங்கிலும் அமர்ந்திருந்த வானரங்கள் நம் கைப்பையின் மீதே கண்ணாயிருந்தன! மூச்சிரைக்க உச்சியை அடைந்ததும், பொன்முலாம் பூசிய பெரியதொரு வஜ்ரம் எதிர்ப்பட்டது. அதன் பின்னே வெண்ணிற ஸ்தூபி. ஸ்தூபியின் மேலே நாற்றிசையும் நோக்கும் புத்தபிரானின் திருவிழிகள்.

அவ்விழிகளைத் தரிசித்த அளவில் திரும்பிவிடுவோர் பலர். நாம் நாடி வந்ததோ ஸ்தூபிக்கு அருகிலுள்ள, அடுக்குக் கூரையுடைய ஒரு சிறு கோயிலை. அன்று சனிக்கிழமை. தாய்மார் குழந்தைகளை இடுப்பில் ஏந்தி, தட்டில் அரிசி, மலர், முட்டை முதலிய காணிக்கைகளுடன் நெருங்கி நின்றனர். அர்ச்சகர் நேவார் இனத்துப் பௌத்தர். வழிபட வந்தோரில் பௌத்தர் யார், ஹிந்து யார் என்று அறிய முயன்று நாம் தோற்றோம். எல்லோர் நெற்றியிலும் ஒரே செந்நிறத் திலகம், எல்லோர் முகத்திலும் ஒரே கவலை, ஒரே நம்பிக்கை.

தேவிக்குப் பெயர் மட்டும் பலவாம். பௌத்த நூல்கள் ஹாரீதி என்கின்றன. ஹிந்துக்கள் சீதளை என்று வணங்குகின்றனர். நேவார் மக்களோ உரிமையுடன் 'அஜிமா' என்றழைக்கின்றனர். அவர்கள் மொழியில் அதற்குப் பாட்டி என்று பொருள்.

இந்தப் பாட்டியின் பூர்வ கதை பயங்கரமானது. மகத நாட்டு ராஜகிருகத்தில் வாழ்ந்த யக்ஷிணி அவள். ஐந்நூறு மக்களைப் பெற்றிருந்தும், ஊரார் குழந்தைகளைக் கவர்ந்து சென்று உண்டு வந்தாள். ஜனங்கள் புத்த பகவானிடம் முறையிட்டனர். அவர் அவளைத் தண்டிக்கவில்லை. அவளுடைய கடைசி மகனைத் தமது திருவோட்டின் கீழ் மறைத்துவைத்தார். அவள் பித்துப்பிடித்தவள் போல் எங்கெங்கோ தேடியலைந்து, இறுதியில் அவர் காலடியில் வந்து விழுந்தாள். ஐந்நூறு பேரில் ஒருவனைக் காணாமல் இப்படித் துடிக்கும் அவளுக்கு, ஒன்றே பெற்று அதையும் இழந்த தாயின் துயரத்தைப் பகவான் உணர்த்தினார். அன்றுமுதல் அவள் குழந்தைகளைக் காக்கும் தெய்வமானாள். அவளும் அவள் மக்களும் பசியால் வாடாதபடி நாள்தோறும் அன்னம் அளிக்கும் கடமையைப் பிக்ஷுக்கள் ஏற்றனர்.

இது வெறுங்கதையாக நின்றுவிடவில்லை. 7-ஆம் நூற்றாண்டில் பாரத நாட்டுக்கு வந்த சீன யாத்திரிகர் இத்சிங், குழந்தையை ஏந்திய ஹாரீதியின் உருவம் விஹாரங்களில் இருந்ததையும், அதற்கு அன்றாடம் அன்னம் படைக்கப்பட்டதையும் எழுதி வைத்திருக்கிறார். அஜந்தாவின் 2-ஆம் குகையில் அவள் தன் நாயகன் பாஞ்சிகனுடன் வீற்றிருப்பதை இன்றும் காணலாம்.

சுயம்பு மலையில் அவளுக்கு நெடுங்காலம் வைசூரியினின்று காக்கும் பொறுப்பு வாய்த்தது. சீதளை என்றால் குளிர்ந்தவள். அந்நோயையே 'அம்மை' என்றழைத்து, வேப்பிலை சார்த்தி மாரியம்மனை வேண்டிய நமக்கு, அந்தத் தாய்மார் உள்ளத்தை யாரும் விளக்க வேண்டியதில்லை.

ஆனால், இந்த அன்னையும் அடிபட்டிருக்கிறாள். 18-ஆம் நூற்றாண்டின் இறுதியில் நேபாளத்தை ஆண்ட ரண பகதூர் ஷா, தாம் உயிரினும் மேலாக நேசித்த அரசியை வைசூரிக்குப் பறிகொடுத்தார் என்றும், காக்கத் தவறிய தேவியின் மீது சீற்றங்கொண்டு இங்கிருந்த விக்கிரகத்தைச் சிதைக்கச் செய்தார் என்றும் வழிவழியாகச் சொல்லி வருகின்றனர். இன்றுள்ளது பின்னர்ப் பிரதிஷ்டை செய்யப்பெற்றதாம். அரசரைப் பழிக்க நமக்கு மனம் வரவில்லை. துயரம் யாரையும் குருடாக்கும். எனினும், ஹாரீதிக்கும் துயரம் வந்தது. அவளோ அதைக் கொண்டு பிறர் துயரத்தைக் கண்டுகொண்டாள். இழப்பு ஒன்றே, அது ஒருவரை அழிக்கத் தூண்டியது, மற்றொருவரைக் காக்கத் தூண்டியது.

வைசூரி உலகினின்று அடியோடு ஒழிந்ததென 1980-இல் உலக சுகாதார ஸ்தாபனம் அறிவித்தது. அம்மை போன பின் அஜிமாவுக்கு என்ன வேலை என்று நேயர்கள் கேட்கலாம். நமக்கும் அந்த ஐயம் இருந்தது. அருகில் நின்ற இளந்தாய் ஒருத்தியிடம் குழந்தைக்கு என்ன உடம்புக்கு என்று வினவினோம். "ஒன்றுமில்லை, நன்றாகத்தான் இருக்கிறான். இப்படியே இருக்க வேண்டுமென்று வந்தேன்" என்றாள்.

நாம் மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை. அர்ச்சகர் குழந்தையின் நெற்றியில் திலகமிட்டார். பின், அவர் கை நம் பக்கமும் நீண்டது. எந்த ஊர், எந்த மதம் என்று அவர் வினவவில்லை. நாமும் தலை குனிந்து ஏற்றுக்கொண்டு படியிறங்கினோம்.