நல்ல குடையா, நாய்க்குடையா?

ஓசூரில் ஒரு வேடிக்கை உண்டு, கேளுங்கள். ஒரு தெருவில் நாலு வீடு இருந்தால் மூன்று பாஷையாவது இருக்கும். மழை பெய்த மறுநாள் புற்றின் மேல் முளைக்கிறதே வெள்ளைக் குடை, அதை நான் காளான் என்பேன். எதிர் வீட்டுத் தெலுங்கு அம்மாள் ‘புட்டகொடுகு’ என்பார். புற்றுக் குடை என்று அர்த்தம். அடுத்த வீட்டுக் கன்னடத்து மாமி ‘அணபெ’ என்பார். பெயர்தான் வேறே தவிர, நாக்கில் ஜலம் ஊறுவதெல்லாம் ஒரே மாதிரிதான்!

எங்களுக்குப் பால் கொண்டு வரும் பாட்டி தளிப் பக்கத்துக்காரி. “குடையைப் பார்த்து மயங்காதே அம்மா, வேரைப் பாரு” என்பாள். புற்றுக் காளானின் குடை நடுவில் கூம்பி நிற்கும். தண்டோ மண்ணுக்குள் வேர்போல மெலிந்து நீண்டு, கறையானின் கூடு வரை போகும். கறையான் லேசுப்பட்ட குடித்தனக்காரி அல்ல! மரத்தையும் சருகையும் மென்று கொண்டுவந்து, பூமிக்கு அடியில் இந்தக் காளானைப் பயிர் செய்து சாப்பிடுகிறது. அதன் தோட்டத்தில் முளைப்பதைத்தான் நாம் பறித்து வந்து குழம்பு வைக்கிறோம்.

வேறொரு ஜாதிக் காளானும் உண்டு. குடையைத் திருப்பினால் தகடுகள் இரா. ஆப்பத்தின் நடுப்பாகம் போல ஒரே நுண்துளைகள். ‘பொலீட்டஸ்’ வகை என்பார்கள். இத்தாலிக்காரர்கள் உயிரை விடும் ‘போர்ச்சினி’ இந்தக் குடும்பந்தான். லண்டன் கடையில் வாங்கிய ஓர் உலர்ந்த போர்ச்சினிப் பொட்டலத்திலிருந்து 15 துண்டுகளைக் கியூ தாவரத் தோட்டத்து விஞ்ஞானிகள் ஆராய்ந்தார்கள். அதில் மூன்று இனங்களுக்கு அதுவரை விஞ்ஞானத்தில் பெயரே இல்லை என்று 2014-ல் வெளியிட்டார்கள். துளைக் காளான் எல்லாம் நல்லது என்று சொல்வாரும் உண்டு. நம்பாதீர்கள், அதிலும் விஷமுள்ளவை இருக்கின்றன.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் தெரியுமா? எங்கள் ஊர்ச் சிப்காட் தொழிற்சாலைகளில் வேலை செய்ய ஜார்க்கண்டிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் அஸ்ஸாமிலிருந்தும் எத்தனையோ பெண்கள் வந்திருக்கிறார்கள். போன மழைக்காலத்தில் மாடி அறையில் குடியிருக்கும் பெண் ஒருத்தி, காலி மனைப் புல்வெளியிலிருந்து ஒரு பை நிறையக் காளான் பறித்து வந்தாள். மாதக் கடைசி, காய்கறி விற்கும் விலையோ உங்களுக்கே தெரியும். “எங்க ஊர்லே இதைத்தான் சாப்பிடுவோம், அக்கா” என்று அரைகுறைத் தமிழில் சொல்லிச் சிரித்தாள்.

பாட்டி ஒன்றை எடுத்துத் திருப்பினாள். வேர் இல்லை. தகடுகளில் லேசாகப் பச்சை ஓடியிருந்தது. “வேண்டாம் கண்ணு. உங்க ஊர்க் காட்டை எனக்குத் தெரியாது. எங்க ஊர் மண்ணை உனக்குத் தெரியாது” என்றாள்.

அந்தப் பெண்ணின் முகம் வாடிவிட்டது. அன்று ராத்திரி எங்கள் வீட்டு ரசஞ்சாதந்தான் அவளுக்கு.

பாட்டி சொன்னது எத்தனை பெரிய வார்த்தை! 2012 புத்தாண்டுச் சமயம் ஆஸ்திரேலியாவின் கான்பெராவில் விஷக் காளானை உண்டு இருவர் மாண்டார்கள். வைக்கோல் காளான் என்று நினைத்துப் பறித்திருக்கலாம் என்று கருதப்பட்டது. 2022 ஏப்ரலில் அஸ்ஸாமில் காட்டுக் காளான் தின்று 13 பேர் இறந்தார்கள். பெரும்பாலும் தேயிலைத் தோட்டத்துக் குடும்பங்கள்.

வெள்ளிக் கரண்டி கறுக்கிறதா, பூண்டு நிறம் மாறுகிறதா, பூச்சி கடித்திருக்கிறதா என்ற சோதனைகள் எல்லாம் வெறும் பேச்சு. கொடிய விஷம் கொதித்தாலும் போகாது. சாப்பிட்டு ஆறு மணி நேரத்துக்கு மேல் கழித்துத்தான் வாந்தியும் பேதியும் வரும். பிறகு சரியாகிவிட்டதுபோல் ஒருநாள் ஏமாற்றும். அதற்குள் ஈரல் கெட்டுக்கொண்டிருக்கும். ஆகவே சந்தேகம் தோன்றிய உடனே 108-ஐ அழையுங்கள். மீந்த காளானைக் காகிதத்தில் சுற்றிக் கையோடு எடுத்துப் போங்கள்.

இன்னொன்று. காளான், மண்ணிலுள்ள ஈயம், காட்மியம் போன்றவற்றை உறிஞ்சி வைத்துக்கொள்ளும். நல்ல ஜாதியே ஆனாலும், தொழிற்சாலை ஓரத்திலும் லாரி ஓடும் சாலை ஓரத்திலும் முளைத்தது நமக்கு வேண்டாம்.

அப்படியானால் காளான் ஆசையை விட்டுவிடுவதா? எதற்கு? கடையில் பால் காளான் கிடைக்கிறதே! அதுவும் ஒரு காலத்தில் காட்டுப் பிள்ளைதான். 1974-ல் மேற்கு வங்காளத்தில் கண்டு பெயரிட்டார்கள். 1998-ல் நம் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் பயிர் செய்ய ஏற்ற ரகமாக்கித் தந்தது. மிளகும் சின்ன வெங்காயமும் போட்டு வதக்கிப் பாருங்கள். மாடிவீட்டுப் பெண்ணுக்கு இப்போது அதுதான் ஞாயிற்றுக்கிழமைச் சமையல். எனக்கும் ஒரு கிண்ணம் வந்துவிடுகிறது!