பில் எவன்ஸின் பக்கத்தில் இருப்பவர்

'போர்ட்ரெய்ட் இன் ஜாஸ்' ஆல்பத்தின் அட்டையில் கோட்டு, டை, கண்ணாடி, படிய வாரிய தலையுடன் ஒருவர் இருக்கிறார். ஜாஸ் பியானோ வாசிப்பவர் என்று சத்தியம் செய்தாலும் நம்ப மாட்டார்கள். பில் எவன்ஸ். 1959 டிசம்பர் 28 அன்று, ஒரே நாளில் இதைப் பதிவு செய்தார்கள். அதே வருஷம்தான் மைல்ஸ் டேவிஸின் 'கைண்ட் ஆஃப் புளூ'வில் வாசித்திருந்தார்.

ஒன்பது உருப்படிகள். அதில் ஏழு, ஊரே வாசித்துத் தேய்த்த ஸ்டாண்டர்டுகள். 'சம்டே மை பிரின்ஸ் வில் கம்' 1937இல் வந்த டிஸ்னியின் 'ஸ்னோ ஒயிட்' படப் பாட்டு. 'ஆட்டம் லீவ்ஸ்' ஜோசப் கொஸ்மா மெட்டமைத்த பிரெஞ்சுப் பாட்டு. மெட்டு நமக்கு முன்பே தெரிந்திருந்தால்தான் எவன்ஸும் அவரோடு வாசிக்கும் இருவரும் எங்கே அதை விட்டு விலகுகிறார்கள் என்பது பிடிபடும்.

'ஆட்டம் லீவ்ஸ்' ஒன்றே போதும். 32 பார் (நாலு தட்டு கொண்ட தாள அளவு) கொண்ட மெட்டு ஒரு சுற்று வந்து முடிகிறது. இனி பியானோ கற்பனையில் இறங்க வேண்டும். பாஸ் வாத்தியம் பாருக்கு நாலு தட்டு வீதம் நடை போட்டுக் கொடுக்க வேண்டும். அன்றைய வழக்கம் அது. பாஸ் வாசிக்கும் ஸ்காட் லஃபாரோ அதைச் செய்யவில்லை. பாஸில் ஒரு துண்டு வாசித்து நிறுத்துகிறார். எவன்ஸ் இன்னொரு துண்டு போடுகிறார். மறுபடி பாஸ். பால் மோஷன் டிரம்மில் கணக்குச் சொல்லாமல் அங்கங்கே தொட்டுவிட்டு விலகுகிறார். தாளத்தை யாரும் தட்டிக் காட்டாவிட்டாலும் மூவரும் அதே 32 பாருக்குள்தான் இருக்கிறார்கள். நம் கச்சேரியில் வயலின் பாடகரின் சங்கதியை வாங்கித் திருப்பிக் கொடுக்குமே, அது வேறு. லஃபாரோ குறுக்கே பேசுகிறார். பிறகு மூவரும் சட்டென்று சேர்ந்து ஸ்விங்கில் கிளம்பும்போது கால் தன்னால் ஆடத் தொடங்கும்.

சிடியில் இந்தப் பாட்டுக்கு இரண்டு டேக் உண்டு, ஒன்று ஸ்டீரியோ, ஒன்று மோனோ. அடுத்தடுத்துக் கேட்டால் பேச்சு மாறியிருப்பது தெரியும். ஒத்திகை பார்த்து ஒப்பித்தது அல்ல.

சொந்த உருப்படிகளில் 'பெரிஸ் ஸ்கோப்' சின்னது, குதூகலமானது, அவ்வளவுதான். 'புளூ இன் கிரீன்' விஷயமே வேறு. 'கைண்ட் ஆஃப் புளூ'வில் அதன் கீழே டேவிஸ் பெயர் மட்டும். இங்கே இருவர் பெயரும். தன்னுடையது என்றே எவன்ஸ் பின்னாளில் சொன்னார். பத்தே பார் கொண்ட மெட்டு. எட்டெட்டாக எண்ணிப் பழகிய காது, சுற்று முடிந்ததா என்று யோசிப்பதற்குள் அடுத்தது தொடங்கிவிடும்.

இந்த மூவர் சேர்ந்து இன்னும் ஒரே ஒரு ஸ்டூடியோ ஆல்பம்தான் செய்தார்கள், 'எக்ஸ்ப்ளொரேஷன்ஸ்'. 1961 ஜூலையில் கார் விபத்தில் லஃபாரோ இறந்தார், வயது 25. அதற்குச் சில நாள் முன்பு வில்லேஜ் வான்கார்டு கிளப்பில் பதிவானதைத்தான் விமர்சகர்கள் தலையில் வைத்துக் கொண்டாடுகிறார்கள். தப்பில்லை. ஆனால் அங்கே எல்லாம் கைகூடிவிட்டது. இங்கே இன்னும் முயன்று பார்க்கிறார்கள், எனக்கு அது பிடிக்கிறது. 'விட்ச்கிராஃப்ட்'டில் பாஸ் துருத்திக்கொண்டு வருகிறது என்று சிலருக்குத் தோன்றலாம். துருத்தட்டும்.

செல்போன் ஸ்பீக்கரில் மட்டும் கேட்டுவிடாதீர்கள். பாஸ் கரைந்துபோய், யாரோ ஒருவர் தனியாக, நடுநடுவே காரணமில்லாமல் நிறுத்தி நிறுத்திப் பியானோ வாசிப்பதாகத்தான் படும்.