மாறாத முகம்

மொச்சினாகா தாதாஹிதோவிடம் பொம்மைப் படத் தொழில் பழகி, 1963இல் பிராக் சென்று யிர்ஷி த்ர்ன்காவிடமும் கற்றவர் கவமோட்டோ கிஹச்சிரோ. 1979இல் அவர் எடுத்த ஸ்டாப் மோஷன் படம் 'கதகு'. தீப்பற்றிய வீடு என்று பொருள்.

நோ நாடகக் கதைதான். ஒரு பெண்ணை இருவர் விரும்புகிறார்கள். இருவரின் அம்பும் ஒரே நீர்ப்பறவையைத் தைக்கிறது. ஒருவனைத் தேர்ந்தெடுக்க முடியாமல் அவள் ஆற்றில் விழுந்து சாகிறாள். அவர்களும் ஒருவரையொருவர் குத்தி மடிகிறார்கள். நரகத்தில் எரிகிறவள் அவள்.

பொம்மையின் முகம் செதுக்கிய முகம், மாறாது. மயிரிழை மயிரிழையாகக் கையால் நகர்த்திப் படமெடுக்கிறார்கள். தலை சற்றே தாழ்ந்தால் துயரம் தெரிகிறது.

என் கல்யாணப் பேச்சில் நானும் அப்படித்தான் உட்கார்ந்திருந்தேன். தலை தாழ்ந்ததை வெட்கம் என்றார்கள். பேசாததைச் சம்மதம் என்றார்கள்.

வகுப்பில் இந்தப் படத்தைப் போட்டேன். முடிந்ததும் ஒரு மாணவி கேட்டாள்: "ரெண்டு பேரும் வேணாம்னு அவ ஏன் மேம் சொல்லல?"

உடனே பதில் வரவில்லை. "இந்த ரெண்டு பேர்ல யாருன்னுதானே அவகிட்ட கேட்டாங்க" என்றேன்.

என்னிடம் முகூர்த்தத் தேதியை மட்டும் கேட்டார்கள். அதை நான் வகுப்பில் சொல்லவில்லை. இங்கே எழுதிவைக்கிறேன்.