குழாய் வழியே வந்த தமிழ்

எங்கள் ஊர் மதுரைப் பக்கம். முத்தாலம்மன் பொங்கலுக்கு முதலில் வந்து இறங்குவது ரேடியோ செட்டுதான். புளியமரத்து உச்சிக்கிளையில் ஊரைப் பார்த்து ஒரு குழாய், கண்மாயைப் பார்த்து ஒரு குழாய் கட்டுவார்கள். காலையில் பக்திப் பாட்டு. சாப்பிட்டு ஊர் கண்ணயரும் நேரத்தில் கதை வசனம். அநேகமாக அது 'திருவிளையாடல்' ஆகத்தான் இருக்கும்.

திண்ணையில் அப்பத்தா உளுந்து புடைத்துக்கொண்டிருப்பாள். ஏழைப் புலவன் தருமியாக வரும் நாகேஷ் கோயிலில் நின்று தனியே புலம்பத் தொடங்கியதும் முறம் மடியில் இறங்கிவிடும். உதடுகள் மட்டும் அசையும். நாகேஷ் மூச்சு வாங்கும் இடத்தில் அவளும் மூச்சு வாங்குவாள். 1965இல் வந்த அந்தப் படத்தை டூரிங் கொட்டகையில் ஒரே ஒருமுறைதான் பார்த்திருக்கிறாள். கேட்டதற்குக் கணக்கில்லை.

அவள் கைநாட்டு. ஆனால் செண்பகப் பாண்டியனுக்கு வந்த ஐயம் அவளுக்குத் தெரியும். பெண்களின் கூந்தலுக்கு இயற்கையில் மணம் உண்டா என்ற அந்த வழக்கின் இரு பக்கமும் தெரியும். கல்லூரியில், கூந்தல் மணத்தைப் பாடும் குறுந்தொகையின் இரண்டாம் பாட்டை எடுத்து, பாடியவர் இறையனார் என்று ஆசிரியர் சொன்னபோது, எங்கள் திண்ணைதான் என் கண்முன் வந்தது. குறுந்தொகை என்ற பெயரை அப்பத்தா கேள்விப்பட்டதே இல்லை. அதன் கதை மட்டும் புளியமரத்திலிருந்து இறங்கி அவளிடம் வந்து சேர்ந்திருந்தது.

கதையோடு நிற்கவில்லை. எங்கள் வீட்டுப் பாகப்பிரிவினையில், ஊரே எதிர்த்துப் பேசத் தயங்கும் பெரியவர் ஒருவர் வரப்பை மாற்றிச் சொன்னார். ஆண்கள் எல்லோரும் தரையைப் பார்த்தார்கள். அப்பத்தா எழுந்து, "சாமியே வந்து சொன்னாலும் தப்பு தப்புதான்யா" என்றாள். படத்தில் சிவனிடமே நக்கீரர் பேசிய நியாயம் அது. வரப்பு பழைய இடத்துக்கே போனது.

சினிமா தமிழனைக் கெடுத்தது என்று யாராவது பேசும்போதெல்லாம் எனக்கு அந்த வரப்புதான் நினைவுக்கு வருகிறது. கெடுத்ததும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் பள்ளிக்கூடம் எட்டிப் பார்க்காத வீடுகளுக்குள் செம்மையான தமிழைக் கொண்டுபோனதும் அதுதான். 1952இல் 'பராசக்தி', 1959இல் 'வீரபாண்டிய கட்டபொம்மன்' என்று வசனத்துக்காகவே மனப்பாடம் ஆன படங்கள் எத்தனை! சிவாஜியும், 'திருவிளையாடல்' படத்தை இயக்கி அதில் நக்கீரராகவும் நின்ற ஏ.பி.நாகராஜனும் சிறுவயதிலேயே நாடகக் கம்பெனிகளில் வளர்ந்தவர்கள். கடைசி வரிசைக்கும் சொல் தெளிவாகப் போய்ச் சேர வேண்டும் என்று பழகிய நாக்குகள் அவை. அடுக்குமொழி, நாடகத்தனம் என்று இன்று ஒதுக்கிவிடுகிறோம். ஒலிபெருக்கிக்குக் கீழே உட்கார்ந்து கேட்டவர்களுக்கு லகர, ளகர, ழகரம் பிரிந்து விழுந்தது அந்த நாடகத்தனத்தால்தான்.

1984இல் 'விதி' வந்தது. டீக்கடை, கல்யாண வீடு எங்கும் அதன் வசன கேசட். ஏமாற்றப்பட்ட பெண்ணுக்காக வக்கீல் சுஜாதா கோர்ட்டில் கேட்ட கேள்விகளை, தண்ணீர்க் குடத்தை இடுப்பில் வைத்தபடியே பெண்கள் நின்று கேட்டார்கள். அடுப்படியில் முணுமுணுக்கப்பட்ட விஷயம் தெருவில் உரக்க ஒலித்தது.

இன்று என் மகள் வாயில் வடிவேலுவின் வசனங்கள் வருகின்றன. அதுவும் எங்கள் மதுரைப் பேச்சுதான், எனக்குச் சந்தோஷமே. என் வருத்தம் வேறு. செல்போனில் அரை நிமிடத் துண்டாகவே எல்லாம் அவளுக்கு வந்து சேர்கிறது. ஐயம், வாதம், மறுப்பு, தீர்ப்பு என்று ஒரு வழக்கை முழுக்கக் காதுகொடுத்துக் கேட்க அவளுக்கு வாய்ப்பே இல்லை.

போன வாரம் மின்சாரம் போன ஒரு ராத்திரி, போனைக் கவிழ்த்து வைத்து, தருமி புலம்புவதில் தொடங்கி நக்கீரர் வாதம் வரை ஒலியாக மட்டும் போட்டேன். முடியும்வரை அவள் எழுந்திருக்கவில்லை. உங்கள் வீட்டிலும் ஒருமுறை பிள்ளைகளை உட்காரவைத்துப் போட்டுக் காட்டுங்கள். படம் வேண்டாம், குரல் போதும்.